வீடில்லாதவனின் கொள்ளை

சென்ற இதழில் 'ஸ்டாக்கர்' என்ற வீடியோ கேமைப் பற்றி நண்பர் எழுதியிருந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். முதல் முறை சந்தோஷமாக இருந்தது. கேம் என்றாலே பையன்கள் சமாச்சாரம் என்று மூக்கைச் சுளிக்கிற கூட்டம் நம்முடையது. அதில் ஒருவராவது இரவெல்லாம் உட்கார்ந்து ஆடி, ஆடியதைப் பற்றி யோசித்தும் இருக்கிறாரே என்ற சந்தோஷம். இரண்டாம் முறை எரிச்சல்தான் மிஞ்சியது. கதிர்வீச்சுப் பிரதேசத்தில் தன்னந்தனியாக அலைந்து, அகப்பட்டதைப் பொறுக்கிப் பிழைக்கும் அந்த மனிதன் நம் காலத்து மனிதனின் இருப்பு நிலைக்கே படிமம் என்கிறார். தார்க்கோவ்ஸ்கி தொடங்கிவைத்ததை இந்தக் கேம் பூர்த்தி செய்திருக்கிறது என்றும் சொல்கிறார். இரண்டும் தவறு. பின்னது தகவல் பிசகு, மன்னித்துவிடலாம். முன்னதை விட மனம் வரவில்லை. அது நண்பர் மட்டும் செய்கிற தவறல்ல என்பதுதான் காரணம்.

தகவலை முதலில் முடித்துவிடுவோம். ஸ்ட்ருகாட்ஸ்கி சகோதரர்களின் 'சாலையோரப் பிக்னிக்' நாவல் 1972இல் வந்தது. அதில் வரும் ஸோனுக்கும் அணு உலைக்கும் சம்பந்தமில்லை. வேற்றுலகத்தார் வந்து தங்கிவிட்டுப் போன இடம் அது. அவர்கள் போட்டுவிட்டுப் போன குப்பையை உயிரைப் பணயம் வைத்துத் திருடிக்கொண்டு வந்து விற்கிறவன்தான் ஸ்டாக்கர். தார்க்கோவ்ஸ்கியின் படம் 1979. செர்னோபில்லில் நான்காம் உலை வெடித்தது 1986 ஏப்ரல் 26இல். ஸோன் என்ற கற்பனையையும் செர்னோபில் என்ற நிஜத்தையும் முடிச்சுப் போட்டு, 2007இல் கீவ் நகரத்து ஜிஎஸ்ஸி கேம் வோர்ல்ட் நிறுவனம் அந்த முதல் கேமை வெளியிட்டது. முடிச்சு கெட்டிக்காரத்தனமானது, சந்தேகமில்லை. செய்தவர்களுக்கு அது சொந்த தேசத்துக் காயம். நேரில் போய்ப் பார்த்து, படமெடுத்து வந்து செய்திருக்கிறார்கள். 1986 மே தினத்தன்று திறப்பதாக இருந்து திறக்கப்படாமலே போன பிரிப்யாத் நகரத்து ராட்டினம்கூட அப்படியே வருகிறது. துயரத்தை விற்றார்கள் என்ற மலிவான குற்றச்சாட்டு என்னிடம் இல்லை.

என் குற்றச்சாட்டு வேறு. அதைச் சொல்ல, கேமில் ஒருவன் உண்மையில் என்ன செய்துகொண்டிருக்கிறான் என்று பார்க்க வேண்டும். நண்பர் இதைத் தாண்டிக் குதித்து நேராகத் தத்துவத்துக்குப் போய்விட்டார்.

அவன் நடக்கிறான். முன்னால் ஒரு போல்ட்டை வீசிப் பார்க்கிறான். காற்று அதிர்ந்து போல்ட்டைப் பிடுங்கி எறிந்தால் அந்தப் பக்கம் ஆபத்து என்று விலகுகிறான். (போல்ட் தீர்ந்துபோவதே கிடையாது. பையில் தோட்டாவைக்கூட எண்ண வேண்டியிருக்கிற உலகத்தில் போல்ட் மட்டும் அட்சய பாத்திரம்!) செத்துக் கிடக்கிறவனின் பையைத் துழாவுகிறான். ரொட்டி, சாஸேஜ், பாண்டேஜ், கொஞ்சம் வோட்கா. சில சமயம் செத்தவன் எங்கோ ஒளித்துவைத்திருக்கிற சாமான்களைப் பற்றிய துப்பும் சேர்ந்து கிடைக்கிறது. ஆடுகிறவர்கள் பாஷையில் இதெல்லாம் 'லூட்'. ஐம்பது கிலோவுக்கு மேல் சுமந்தால் மூச்சு வாங்கும். அறுபதைத் தாண்டினால் நகரவே முடியாது. எதை வைத்துக்கொள்வது, எதை விட்டுப்போவது என்று ஒரு சடலத்தின் பக்கத்தில் நின்று கணக்குப் போடுகிற அந்த நிமிஷம்தான் இந்தக் கேமின் உயிர். அதில் ஒரு உண்மை இருக்கிறது. பசியும் பாரமும் பயமும் ஒன்றாகிற உண்மை. ராத்திரி நெருப்பைச் சுற்றி உட்கார்ந்து எவனோ கிதார் வாசிக்கையில் அது நெஞ்சைத் தொடவும் செய்கிறது. பேராசையைக் கேம் தானே பரிகசித்துக்கொள்கிற ஒரு முடிவும் உண்டு. நிறையப் பணம் சேர்த்தவன் வரம் கேட்கிறான், பொற்காசு மழை என்று அண்ணாந்து நிற்கிறான், விழுவது இரும்புத் துண்டுகள்.

சரி, கதிர்வீச்சு? கெய்கர் மானி கடகடக்கிறது. திரையில் சின்னம் தோன்றுகிறது, உயிர்ப்பட்டை தேய்கிறது. ஊசி போட்டுக்கொண்டால் சின்னம் மறைகிறது. வோட்கா குடித்தாலும் குறைகிறது. செர்னோபில்லைத் துப்புரவு செய்யப் போனவர்களிடையே வோட்கா கதிர்வீச்சைக் கழுவிவிடும் என்ற நம்பிக்கை பரவலாக இருந்தது. பாவம், வேறு எதுவும் அவர்கள் கையில் இருக்கவில்லை. அந்த நம்பிக்கை பொய். கேம் அந்தப் பொய்யை இயற்கை விதியாக்கிவிட்டது. அமெரிக்க 'ஃபால்அவுட்' வரிசையும் (முதல் கேம் 1997) இதே வழிதான், அங்கே மருந்துக்கு 'ராட்அவே' என்று பெயர். கதிர்வீச்சின் லக்ஷணமே அது காத்திருப்பதுதான். சீஸியம் 137 பாதியாகக் குறைய முப்பது வருஷமாகும். கேமில் அது நிமிஷத்தில் தீர்க்கிற கைமாற்றுக் கடன். ஸோனுக்குள் போவது வியாபாரம், கதிர்வீச்சு அதன் செலவுக் கணக்கு, அவ்வளவே.

இந்த வரிசையின் பிந்திய கேம்களில் இன்னொரு வசதி உண்டு. ஸோனில் விளையும் விசித்திரப் பொருள்களை இடுப்புப் பட்டையில் மாட்டிக்கொண்டால் உடம்புக்குப் பலன். ஆனால் அவை கதிர்வீச்சை உமிழும். அதனால் என்ன, கதிர்வீச்சை உறிஞ்சுகிற இன்னொரு பொருளையும் பக்கத்தில் மாட்டிக்கொள், கணக்கு நேராகிவிடும். இதைப் படிக்கையில் எனக்கு 2010இல் தில்லி மாயாபுரிப் பழைய இரும்புச் சந்தையில் நடந்தது ஞாபகம் வந்தது. பல்கலைக்கழகம் ஒன்றில் பல வருஷம் சும்மா கிடந்த கோபால்ட் 60 இயந்திரம் ஏலத்தில் போய், அங்கே வந்து துண்டுதுண்டாயிற்று. ஒரு துண்டு ஒரு கடைக்காரரின் பர்ஸுக்குள் போய் அவர் இடுப்பைச் சுட்டது. ஒரு தொழிலாளி செத்துப்போனார். அந்தக் கணக்கை நேராக்க இரண்டாவது பொருள் எதுவும் இருக்கவில்லை.

ஆனால் பிரேஸிலில் கோயானியா நகரத்தில் 1987இல் நடந்ததுதான் இந்தக் கேமுக்கு முழு மறுப்பு. கைவிடப்பட்ட புற்றுநோய் சிகிச்சை நிலையம். செப்டம்பர் 13 அன்று இரண்டு பேர் உள்ளே நுழைந்து, இரும்புக்கு விலை கிடைக்கும் என்று இயந்திரத்தின் தலைப்பகுதியைக் கழற்றித் தள்ளுவண்டியில் வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். நண்பரின் அளவுகோலில் உத்தமமான ஸ்டாக்கர்கள். உடைத்துப் பார்த்துவிட்டுக் காயலான் கடைக்காரர் ஒருவருக்கு விற்றார்கள். ராத்திரியில் அதிலிருந்து நீல ஒளி வருவதைப் பார்த்த அவர், அதை வீட்டுக்குள் எடுத்துப்போனார். உறவுக்காரர்களையும் அக்கம்பக்கத்தாரையும் கூப்பிட்டுக் காட்டினார், ஆளுக்குக் கொஞ்சம் கொடுத்தார். திருவிழா மினுக்குப் பொடி மாதிரி சிலர் உடம்பில் தடவிக்கொண்டார்கள். அவருடைய சகோதரர் கொஞ்சம் தன் வீட்டுக்குக் கொண்டுபோனார். அவருடைய ஆறு வயது மகள் அதோடு விளையாடிவிட்டு, அந்தக் கையாலேயே சாப்பிட்டாள். வீட்டில் ஒவ்வொருவராகப் படுக்க ஆரம்பித்ததும் இந்தப் பொருள்தான் காரணம் என்று கண்டுகொண்டவள் கடைக்காரரின் மனைவி. அவள்தான் அதைப் பையில் போட்டு, பஸ்ஸில் ஏறி, சுகாதார அலுவலகத்தில் கொண்டுபோய் வைத்தாள்.

நான்கு பேர் செத்தார்கள். அந்த மனைவி, அந்தச் சிறுமி, கடையில் கூலிக்கு வேலை செய்த இரண்டு இளைஞர்கள். திருடிய இருவரும் அந்த விபத்தில் சாகவில்லை. விலைக்கு வாங்கிய கடைக்காரரும் பிழைத்தார். சிறுமியை ஈயம் பூட்டிய பெட்டியில் வைத்துப் புதைக்கப் போனபோது மயானத்திலேயே ஊரார் கல்லெறிந்தார்கள். ஒரு லட்சத்துக்கு மேற்பட்டவர்களை ஸ்டேடியத்தில் நிற்கவைத்துப் பரிசோதித்தார்கள். 249 பேர் மேல் கதிர்வீச்சுப் பொருள் இருந்தது.

பொறுக்கியெடுத்த பொருள் வீட்டுக்குத்தான் போகிறது. இதுதான் நண்பருக்குத் தட்டுப்படாத விஷயம். உலகத்தில் எந்தப் பொறுக்கியும் தனக்காக மட்டும் பொறுக்குவதில்லை. கேமின் ஸ்டாக்கருக்கோ வீடு கிடையாது. ஞாபகமே இல்லாமல்தான் கண் விழிக்கிறான். அம்மா இல்லை, மனைவி இல்லை, குழந்தை இல்லை. அந்த முதல் கேமை ஆடி முடித்த எனக்கு ஒரு பெண்ணோ குழந்தையோ கண்ணில் பட்டதாக ஞாபகமில்லை. ஆகவே அவன் தூக்கிவந்த விஷம் அவனோடேயே இருந்து, அவனாலேயே தீர்க்கப்பட்டுவிடுகிறது. ஆபத்து முழுவதும் அவனுடையது, எனவே அவன் வீரன். இந்த ஜோடனையைத்தான் நண்பர் இருப்பு நிலை என்கிறார்.

கேம் என்ற வடிவத்துக்கு இது தவிர்க்க முடியாத எல்லை என்று அவர் பதில் சொல்லக்கூடும். முப்பது வருஷம் காத்திருக்கவைத்து எவனையும் ஆடச் சொல்ல முடியாதுதான். ஆனால் வார்ஸாவில் செய்து 2014இல் வந்த 'திஸ் வார் ஆஃப் மைன்' என்ற கேமும் பொறுக்கிப் பிழைக்கிற கேம்தான். சரயேவோ முற்றுகையை நினைத்துச் செய்தது. அதில் கதிர்வீச்சு இல்லை. ராத்திரி போய்த் திருடிக்கொண்டு விடிவதற்குள் வீடு திரும்ப வேண்டும். வீட்டில் பசியோடு சிலர் காத்திருக்கிறார்கள். நாதியற்ற ஒரு கிழத் தம்பதியின் உணவைத் திருடிக்கொண்டு வந்தால், அதைத் தின்கிறவர்கள் முகமே செத்துப்போகிறது. ஆக, வடிவம் தடுக்கவில்லை.

நண்பர் சாட்சிக்கு அழைக்கிற தார்க்கோவ்ஸ்கியும் அவருக்கு எதிராகத்தான் சாட்சி சொல்வார். நாவலில் ஸோனுக்குள் போய்வருகிற ரெட்ரிக்குக்கு ஒரு பெண் குழந்தை. 'குரங்கு' என்று செல்லப் பெயர். உடம்பெல்லாம் ரோமம். கொஞ்சம் கொஞ்சமாக மனுஷ பாஷையை இழந்துபோகிறாள். படத்தில் அந்த மகளுக்கு நடக்க முடியாது. ஸோனைச் சுற்றிவிட்டுப் படம் அவளிடம்தான் வந்து நிற்கிறது. அதற்குமுன் மனைவி காமிராவைப் பார்த்து நம்மிடம் பேசுகிறாள். கேம் இந்தப் படைப்புகளிடமிருந்து ஸோனை எடுத்துக்கொண்டது, போல்ட்டை எடுத்துக்கொண்டது, பெயரை எடுத்துக்கொண்டது. அந்தக் குழந்தையை மட்டும் கனம் தாங்காது என்று வழியில் போட்டுவிட்டது. நண்பர் அதைப் பூர்த்தி என்று படிக்கிறார்.

ஏன் அப்படிப் படித்தார் என்பதும் எனக்குத் தெரியும். இந்த ஸ்டாக்கர் நமக்குப் பழக்கமானவன். நம் கவிதைகளில் ரொம்ப காலமாக ஒரு 'நான்' நடந்துகொண்டிருக்கிறான். ஆளில்லாத தெரு, காலி அறை, சிகரெட், ஜன்னல், தனிமை. அந்த அறைக்கு வாடகை யார் கொடுத்தது, அவன் அலைந்துவிட்டு வரும்போது மூடிவைத்த சோறு யார் வடித்தது என்று ஒரு வரி இருக்காது. தன் அனுபவத்தின் ஆபத்து முழுவதையும் தானே தாங்குவதாக அவனுக்கு ஒரு பாவனை. நானும் அப்படி எழுதியிருக்கிறேன், பழைய இதழ்களில் கிடக்கும். ஆகவே கீவிலிருந்து ஒருவன் முகமூடியும் பையுமாக, குடும்பமில்லாமல், மழையில் நடந்து வந்ததும் நமக்குக் கண்ணாடியைப் பார்த்த மாதிரி ஆகிவிட்டது. நண்பர் கேமை விமர்சிக்கவில்லை, நம் கவிதையை அதில் கண்டு புளகித்திருக்கிறார்.

ஸ்வெத்லானா அலெக்ஸியேவிச் 1997இல் வெளியிட்ட 'செர்னோபில் பிரார்த்தனை'யில், துப்புரவுப் பணிக்குப் போய்த் திரும்பிய ஒருவருடைய வாக்குமூலம் இருக்கிறது. ஊர் வந்ததும் அங்கே போட்டிருந்த துணிகளை எல்லாம் கழற்றிக் குப்பையில் போட்டிருக்கிறார். தொப்பியை மட்டும் சின்ன மகனிடம் கொடுத்தார், பையன் ரொம்பக் கேட்டானாம். அவன் அதைக் கழற்றாமலே போட்டுக்கொண்டு திரிந்தான். இரண்டு வருஷம் கழித்து அவன் மூளையில் கட்டி என்று சொன்னார்கள். அதற்குமேல் அவர் பேச விரும்பவில்லை.