பெரும்பான்மை பெறாத கட்சியின் 'பெருவெற்றி': 1952 சென்னைத் தேர்தல் பற்றிய ஒரு மறுப்பு

விடுதலைக்குப் பின் இருபது ஆண்டுகள் சென்னை மாநிலத்தில் காங்கிரசை எதிர்த்து நிற்க வலுவான கட்சிகளே இல்லை என்றும், 1967 இல் தி.மு.க. வென்றபோதுதான் வாக்காளர் முதன்முறையாக அக்கட்சிக்கு எதிராகத் திரும்பினர் என்றும் ஒரு கூற்று நூல்களிலும் மேடைகளிலும் நெடுங்காலமாக வழங்கிவருகிறது. வயதுவந்தோர் அனைவருக்கும் வாக்குரிமை கிடைத்தபின் 1952 இல் நடந்த முதல் சட்டமன்றத் தேர்தலின் முடிவுகளைப் புரட்டிப் பார்ப்பவர் எவரும் இக்கூற்றை ஏற்க இயலாது.

ஆந்திரப் பகுதியும் மலபாரும் தென் கன்னடமும் உள்ளடங்கிய அன்றைய சென்னை மாநிலச் சட்டமன்றத்தில் 375 இடங்கள் இருந்தன. பெரும்பான்மைக்கு 188 தேவைப்பட்ட நிலையில், காங்கிரசுக்குக் கிடைத்தவை 152. பதிவான வாக்குகளில் அதன் பங்கு ஏறத்தாழ 35 விழுக்காடுதான். சொத்தும் வரியும் கல்வியும் வாக்குரிமைக்கு அளவுகோலாக இருந்த 1937 இல் 215 இடங்களில் 159 ஐ வென்ற கட்சி, ஏழை எளியோரும் வாக்களிக்க வந்த முதல் தேர்தலிலேயே பெரும்பான்மையை இழந்தது என்பதை வரலாற்றாசிரியர்கள் எளிதாகக் கடந்துபோவது வருத்தத்திற்குரியது.

எழுத்தறிவற்ற வாக்காளர் பழகிய சின்னத்திற்கே வாக்களித்தனர், எனவே அம்முடிவைக் கொண்டு அவர்களின் தேர்வை அளக்கலாகாது என்பது இக்கூற்றின் ஆதரவாளர்கள் முன்வைக்கும் முதல் வாதம். அன்று வேட்பாளர் ஒவ்வொருவருக்கும் தனித்தனிப் பெட்டி வைக்கப்பட்டிருந்தது; வாக்காளர் திரைமறைவிற்குள் சென்று, வேட்பாளர் பெயரோ சின்னமோ அச்சிடப்படாத வாக்குச்சீட்டைத் தாம் விரும்பிய சின்னம் ஒட்டிய பெட்டிக்குள் போட்டார். காங்கிரசின் நுகத்தில் பூட்டிய இரட்டைக் காளைப் பெட்டி அனைவரும் அறிந்ததாக இருந்தும், அதற்குப் பக்கத்திலிருந்த கதிர் அரிவாள் பெட்டியையும் குடிசைப் பெட்டியையும் இலட்சக்கணக்கானோர் தேடிப் போட்டனர். கட்சிப் பின்னணியே இல்லாத சுயேச்சைகள் 62 பேர் வென்றதைப் பழக்கத்தின் விளைவென்று எவ்வாறு கூற இயலும்?

காங்கிரசின் சரிவு தெலுங்கு மாவட்டங்களிலும் மலபாரிலும் மட்டுமே நிகழ்ந்தது, தமிழ் மாவட்டங்கள் அதன் பின்னே உறுதியாக நின்றன என்பது இரண்டாவது வாதம். ஆந்திரத்திலும் மலபாரிலும் அதன் இழப்பு பெரிது என்பது உண்மையே. 62 இடங்களை வென்று எதிர்க்கட்சிகளுள் முதலிடம் பெற்ற கம்யூனிஸ்ட் கட்சிக்கு அங்கு ஆழ வேரூன்றிய செல்வாக்கு இருந்தது. ஆயினும் தமிழ் மாவட்டங்களிலும் காங்கிரசுக்குக் கிடைத்தவை பாதியை ஒட்டிய இடங்களே. முதலமைச்சர் குமாரசாமி ராஜா தம் சொந்த வட்டாரமான திருவில்லிபுத்தூரிலேயே தோற்றார். அமைச்சர் பக்தவத்சலமும் தோற்றார். மதுரை வடக்கில் கம்யூனிஸ்ட் தலைவர் பி. ராமமூர்த்தியும், முதுகுளத்தூரில் முத்துராமலிங்கத் தேவரும், கம்பத்தில் நீதிக்கட்சியின் பி.டி. ராஜனும் வென்றனர்.

எதிர்த்து நின்றவை கொள்கையற்ற உதிரிக் குழுக்களே என்ற மூன்றாவது வாதமே மிகவும் கேடானது. 35 இடங்களை வென்ற கிசான் மஸ்தூர் பிரஜா கட்சியும், 15 இடங்களை வென்ற என்.ஜி. ரங்காவின் கிருஷிகார் லோக் கட்சியும் காங்கிரசிலிருந்தே பிரிந்தவை. உள்ளிருந்து எழுந்த உழவர் அதிருப்தியின் வடிவங்கள் அவை. தமிழ்ப் பகுதியில் எஸ்.எஸ். ராமசாமி படையாட்சியார் தலைமையிலான தமிழ்நாடு உழைப்பாளர் கட்சி 19 இடங்களையும், மாணிக்கவேலு நாயக்கரின் காமன்வீல் கட்சி 6 இடங்களையும் பெற்றன. வட, தென் ஆர்க்காடு மாவட்டங்களில் பெருந்தொகையினராக இருந்தும் அதிகாரத்தில் பங்கு பெறாத வன்னிய உழவரின் குரலாக எழுந்த இக்கட்சிகளைச் 'சாதிக் கட்சிகள்' என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுவோர், அந்நாளைய காங்கிரசின் மாவட்டத் தலைமைகளும் சாதிச் செல்வாக்கின்மீதே நின்றன என்பதை மறந்துவிடுகின்றனர். தேர்தலில் நேரடியாகப் போட்டியிடாத தி.மு.க., திராவிட நாட்டுக் கோரிக்கையை ஆதரிப்பதாக ஒப்பமிட்ட வேட்பாளர்களுக்காகப் பரப்புரை செய்தது. பெரியாரின் திராவிடர் கழகம் கம்யூனிஸ்டுகளை ஆதரித்தது. ஆகவே 1967 இன் அணிகள் பலவற்றின் முன்வடிவம் 1952 இலேயே புலப்படுகிறது.

பெரும்பான்மை இல்லாவிடினும் ஆட்சி அமைத்தது காங்கிரஸ்தானே என்பது இறுதி வாதம். அது எவ்வாறு அமைத்தது என்பதில்தான் விடை இருக்கிறது. டி. பிரகாசம் தலைமையில் ஒன்றுகூடிய ஐக்கிய ஜனநாயக முன்னணி 166 உறுப்பினர்களின் ஆதரவைக் காட்டி ஆட்சி அமைக்க உரிமை கோரியது. ஆளுநர் ஸ்ரீபிரகாசா அதை ஏற்காமல், தேர்தலில் நிற்காத ராஜாஜியை அழைத்து, அவரை மேலவைக்கு நியமித்தார். மேலவை என்பது மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்காத இரண்டாம் அவை. 1952 ஏப்ரல் 10 அன்று ராஜாஜி பதவியேற்றார். காமன்வீல் கட்சியின் மாணிக்கவேலு நாயக்கருக்கு அமைச்சர் பதவி தரப்பட்டது; முஸ்லிம் லீகின் ஐவரும் சுயேச்சைகள் பலரும் ஆதரவு அளித்த பின்னரே, ஜூலை 3 அன்று ஆதரவாக 200, எதிராக 151 என்ற வாக்குகளில் அரசு தன் பெரும்பான்மையை மெய்ப்பித்தது. ஜூன் மாதத்தில் ராஜாஜி உணவுக் கட்டுப்பாட்டை நீக்கியதும், அரிசிக்குப் பங்கீட்டு வரிசையில் நின்று சலித்த மக்களின் சினத்தை அவர் தேர்தல் முடிவில் கண்டுகொண்டார் என்பதையே காட்டுகிறது. 1954 இல் காமராசர் அமைச்சரவை அமைத்தபோது ராமசாமி படையாட்சியாரும் அதில் இடம்பெற்றார்; ஆர்க்காட்டு மாவட்டங்களில் எதிர்ப்புக் குரலாக வாக்குக் கேட்ட இரு கட்சிகளும் ஆளுங்கட்சிக்குள் கரைந்தபோது, அங்கு வெறுமையான களத்தில் அடுத்த தேர்தலில் தி.மு.க. தன் வேட்பாளர்களை நிறுத்தியது.