அண்டா காணோம்னா வீட்டையே இடிப்பாங்களா?

கம்ப்யூட்டர் எனக்குத் தொழில் இல்லை. படிச்சது பி.காம்., பொழைப்பு பேங்கில், இருப்பது நாக்பூரில். ஆனாலும் இதை எழுதாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது மக்களே.

எங்கள் காலனியில் தஞ்சாவூர்க்கார அக்கா ஒருவர். போன மாதம் அவர் பையன் ஒரு கேம் ஏற்றினான். 'விசிரன்டைம்140.டிஎல்எல் காணவில்லை' என்று பெட்டி வந்தது. கடைக்குத் தூக்கிப் போனார்கள். கடைக்காரர் கேட்டது ஒரே கேள்வி: "ஃபார்மேட் பண்ணிடலாமா?" இவர்களும் தலையாட்டிவிட்டார்கள். 500 ரூபாய் பில். மெஷின் பளபளன்னு திரும்பி வந்தது. டெஸ்க்டாப்பில் இருந்த படங்கள் மட்டும் வரவில்லை. அக்காவோட அம்மா கடைசியாக இங்கே வந்தபோது எடுத்தவை. அம்மா இப்போது இல்லை.

"தம்பி, எப்படியாவது எடுத்துத் தர முடியுமாப்பா?" என்றார். என்ன சொல்வது?

கொடுமை என்னன்னா, பையன் மறுபடி கேமை ஏற்றினான். அதே பெட்டி!

இந்த டிஎல்எல் என்பது என்ன? நம்ம தமிழ்ச் சங்கத்துப் பொங்கலை நினைத்துக்கொள்ளுங்கள். ஆளுக்கொரு பெரிய அண்டா வாங்குகிறோமா? சங்கத்தில் ஒன்று இருக்கிறது, எல்லோரும் எடுத்துக்கொள்கிறோம். அதேபோலப் பல புரோகிராம்கள் பகிர்ந்துகொள்ளும் பொதுக் கோப்புதான் டிஎல்எல். புரோகிராம் கிளம்பும்போது விண்டோஸ் பொதுவாக அதன் சொந்த ஃபோல்டரில் தேடும், பிறகு சிஸ்டம்32 போன்ற இடங்களில் தேடும். கிடைக்கலைன்னா பெட்டி. அவ்வளவுதான் விஷயம். அண்டா காணோம் என்றால் சங்கத்துச் செயலாளரைக் கேட்பீர்களா, மண்டபத்தை இடிப்பீர்களா?

இன்னொரு கூட்டம் இருக்கிறது. கோப்பின் பெயரைத் தேடி, 'இலவச டிஎல்எல்' என்று கடை விரித்திருக்கும் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கி, சிஸ்டம்32-க்குள் போடுவது. நானும் ஒரு காலத்தில் செய்தவன்தான், ஒத்துக்கறேன். இது அதைவிட மோசம். டிஎல்எல் வெறும் காகிதம் இல்லை, ஓடக்கூடிய நிரல். அழைத்த புரோகிராமுக்கு என்ன அதிகாரமோ அதே அதிகாரத்தில் ஓடும். அதே மெஷினில்தான் நெட்பேங்கிங் பண்றீங்க. முகம் தெரியாதவன் நீட்டும் செக்கை விசாரிக்காமல் நான் பாஸ் பண்ணினால் விடுவீர்களா?

பிறகு என்னதான் செய்வது?

1. பெட்டியில் உள்ள பெயரை முழுசாக எழுதிக்கொள்ளுங்கள். எந்தப் புரோகிராம் கேட்கிறது என்றும் பாருங்கள்.

2. ஆன்டிவைரஸ் அதைப் பிடித்து வைத்திருக்கிறதா பாருங்கள். பிடித்திருந்தால் கண்ணை மூடிக்கொண்டு விடுவிக்காதீர்கள்.

3. அந்தப் புரோகிராமை, அதை உருவாக்கியவர்களிடமிருந்தே எடுத்து மறுபடி நிறுவுங்கள்.

4. விசிரன்டைம்140, எம்எஸ்விசிபி140 என்றால் மைக்ரோசாஃப்ட் தளத்தில் 'விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' இலவசம். 64 பிட் மெஷினிலும் 32 பிட் புரோகிராம்கள் ஓடுவதால் எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் போடுங்கள். (சிஸ்டம்32-க்குள் இருப்பது 64 பிட் கோப்புகள், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-க்குள்! பெயர் வைத்தவர் எங்கள் பேங்க் சர்க்குலர் எழுதுபவரின் உறவோ என்னமோ :-))

5. விண்டோஸின் சொந்தக் கோப்பு போயிருந்தால், கமாண்ட் ப்ராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து 'எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்' என்று ஆங்கில எழுத்தில் அடியுங்கள். கெட்டுப்போன சிஸ்டம் கோப்புகளை அதுவே தேடிச் சரிசெய்யப் பார்க்கும்.

அக்கா வீட்டுக்கு நாலாவதே போதுமானதாக இருந்தது. ஐந்து நிமிட வேலை, செலவு பூஜ்யம்.

ஃபார்மேட்டே கூடாது என்று நான் சொல்லவில்லை. வைரஸ் புகுந்து நாசமாக்கியிருந்தால் அதுதான் வழி. ஆனால் அது கடைசி மருந்து, அதுவும் எல்லாவற்றையும் வெளியே ஒரு டிஸ்கில் நகல் எடுத்த பிறகு. கடைக்காரரை மட்டும் திட்டிப் பயனில்லை. லோன் பேப்பரில் படிக்காமல் கையெழுத்துப் போடுபவர்களைத் தினமும் பார்க்கிறேன். "பண்ணிடுப்பா" என்று தலையாட்டுவதும் அதே ரகம்தான்.

ஊரை விட்டு ஆயிரம் கிலோமீட்டர் தள்ளி இருக்கிற நமக்கு, ஊர் முகங்களில் பாதி அந்தப் பெட்டிக்குள்தான் இருக்கிறது. அடுத்த முறை "ஃபார்மேட்?" என்று யாராவது கேட்டால், "எந்தக் கோப்பு, யாருடையது?" என்று திருப்பிக் கேளுங்கள். பதில் வராவிட்டால் மெஷினைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுங்கள்.