சுருளுக்கு வாடகை

பொது ஒளிபரப்புக்கு ஒதுக்கிய 110 கோடி டாலரை 2025இல் அமெரிக்க நாடாளுமன்றம் திரும்பப் பெற்றுக்கொண்டது. அதைக் கேட்டுவிட்டு, ‘எல்லார் கையிலும் செல்போன் கேமரா இருக்கிறது, அரசுப் பணத்தில் ஆவணப்படம் எதற்கு?’ என்கிறார்கள் சிலர். படித்தவர்களே இப்படிப் பேசுவதுதான் ஆத்திரமூட்டுகிறது.

1965 மார்ச் 7. அமெரிக்காவின் அலபாமா மாநிலத்துச் செல்மா நகரில் வாக்குரிமை கேட்டு ஊர்வலமாக நடந்த கறுப்பின மக்களைப் போலீஸ் தடியாலும் கண்ணீர்ப்புகையாலும் விரட்டியது. அன்றிரவே அந்தக் காட்சி தொலைக்காட்சியில் ஓடியது, நாடு கொதித்தது. ஆகஸ்டில் வாக்குரிமைச் சட்டம் வந்தது. படச்சுருளுக்கு அவ்வளவு வலு உண்டு.

ஆனால், அந்தச் சுருள் அடுத்த தலைமுறைக்குத் தானாகப் போய்ச் சேராது. அதே மார்ச்சில் செல்மா போராட்டத்தில், போலியோ தாக்கிய காலோடு நடந்தவர் ஹென்றி ஹாம்டன். அவர் நடத்திய ‘பிளாக்சைடு’ நிறுவனம் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டத்தைப் பற்றி எடுத்த ‘ஐஸ் ஆன் த ப்ரைஸ்’ ஆவணப்படத் தொடர் 1987இல் பொதுத் தொலைக்காட்சியான பிபிஎஸ்ஸில் வந்தது. 1990இல் வந்த இரண்டாம் பகுதியோடு மொத்தம் 14 மணி நேரம். பேராசிரியர்களை உட்காரவைத்து விளக்கம் சொல்லவைக்கவில்லை ஹாம்டன். களத்தில் நின்றவர்களே பேசினார்கள். மறியல் செய்த மாணவர்கள் பேசினார்கள். எதிர்த்தரப்பில் நின்ற செல்மா மேயரும் பேசினார்.

அந்தத் தொடருக்கு என்ன நடந்தது? பழைய செய்திப்படம், புகைப்படம், பாட்டு ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக உரிமைத் தொகை கட்டவேண்டும். நீண்ட காலத்துக்குக் கட்டப் பணமில்லை. சில ஆண்டுகளுக்கு மட்டும் கட்டினார்கள். 1990களின் நடுவில் கெடு முடிந்தது. அதோடு ஒளிபரப்பும் நின்றது, விற்பனையும் நின்றது. பள்ளிகளிலும் நூலகங்களிலும் தேய்ந்த கேசட்டுகளே மிச்சம். 1998இல் ஹாம்டன் கண்மூடியபோதும் அது பூட்டித்தான் கிடந்தது. ஃபோர்டு அறக்கட்டளை 6 லட்சம் டாலரும் ஒரு தனிமனிதர் இரண்டரை லட்சமும் கொடுத்த பிறகு, 2006இல்தான் முதல் ஆறு மணி நேரம் மீண்டும் திரைக்கு வந்தது.

பத்தாண்டுக்கு மேல் ஒரு மக்களின் போராட்டம் அவர்கள் பிள்ளைகளின் கண்ணில் எளிதில் படவில்லை. தடை போட்டது எந்த நிறவெறி அரசும் அல்ல, ரசீதுப் புத்தகம். அடி வாங்கியது மக்கள்; அடி விழுந்த காட்சிக்கு வாடகை வாங்குவது நிறுவனங்கள். இது அநியாயம். பொதுவீதியில் நடந்த போராட்டத்தின் செய்திப்படம், குறிப்பிட்ட ஆண்டுகளுக்குப் பிறகு கல்விக்கும் ஆவணப்படத்துக்கும் கட்டணமின்றித் திறந்துவிடப்பட வேண்டும். அமெரிக்காவுக்கு மட்டுமல்ல, பழைய படச்சுருள்களை வைத்திருக்கிற எல்லா நாடுகளுக்கும் இப்படியொரு சட்டம் வேண்டும்.

செல்போனை நீட்டிக் காட்டும் தம்பிகளுக்கு ஒன்று சொல்கிறோம். எடுப்பவருக்குக் கூலி கொடுக்கவும், எடுத்ததைக் காப்பாற்றவும், காலம் கடந்தும் காட்டவும் பொதுப்பணம் வேண்டும். அதை வெட்டாதீர்கள், வெட்டுகிறவர்களுக்குக் கை தட்டாதீர்கள்.