அட்டாலியில் கிடந்த லேப்டாப்

எம் பொண்ணு பிளஸ் டூ படிச்சப்போ அரசு குடுத்த லேப்டாப்புங்க. 2011-ல் ஆரம்பிச்ச திட்டம். அவ கல்யாணமாகிப் போனபின்னாடி அட்டாலியில, தேங்காய்ச் சாக்குக்குப் பக்கத்துல தூங்கிட்டிருந்துச்சு.

போன மாசம் அக்கா பையன் வந்து அதுல ஆண்ட்ராய்டைப் போட்டுட்டான். "போன்ல ஓடறது இதுல எப்படிடா ஓடும்?"னு கேட்டேன். போனுக்குள்ள இருக்கிற சிப்பு வேற, லேப்டாப்புல இருக்கிறது வேறயாம். மாட்டு ஏரை அப்படியே டிராக்டர்ல பூட்ட முடியாதுல்லங்க, அந்த மாதிரி. பூட்டறதுக்குத் தோதா மாத்திக் குடுக்கிற வேலையத்தான் 2009-லிருந்து 'ஆண்ட்ராய்டு எக்ஸ்86'ங்கிற பேருல தைவான்காரர் ஒருத்தர் முன்ன நின்னு செஞ்சிருக்கார். நம்ம நாட்டுல உருவான 'பிரைம் ஓஎஸ்'சும் அதே வழிதான். பென்டிரைவுல போட்டு, பழசை அழிக்காமலே ஓட்டிப் பார்க்கலாம்.

இப்ப உழவன் செயலியை அதுலதான் திறக்கிறேன். எனக்கு ஐம்பத்தாறு வயசு. போன்ல கண்ணாடி போட்டாலும் மேட்டூர்ல 83 அடியா 88 அடியான்னு தடுமாறுவேன். ராஜா வாய்க்காலை நம்பி வெத்தலைக் கொடிக்கால் வச்சிருக்கிறவனுக்கு அது சின்ன விசயமில்லீங்க. மானியம், சந்தை விலை எல்லாமே பெரிய எழுத்துல, பொறுமையாப் படிக்கலாம்.

குறை இல்லாம இல்லை. நினைவகம் 2 ஜிபிதான். ரெண்டு செயலி திறந்தா மூச்சு வாங்குது. சிலது போனுக்குன்னே செஞ்சதால நடுவுல ஒல்லியா நிக்குது, சிலது திறக்கவே மாட்டேங்குது. வயல் இருக்கிற இடத்தைக் காட்டச் சொன்னா அதுக்குத் தெரியாது, ஜிபிஎஸ் கிடையாதே. ஓடிபிக்குப் போனைத்தான் தேடணும். "பழைய ஆண்ட்ராய்டுக்குப் பாதுகாப்புத் திருத்தம் வராது, பேங்க் செயலி மட்டும் போடாதீங்க மாமா"ன்னு பையன் கண்டிப்பாச் சொல்லிட்டான். சரிதான்.

ஆனா என் ஆதங்கம் வேற. விவசாயிக்குன்னு செய்யறதையெல்லாம் உள்ளங்கை அகலத்துக்குள்ளயே ஏன் அடைக்கணும்? வயக்காட்டுல இருக்கிறவன்ல பாதிப்பேரு என் வயசுக்காரன். செய்யறப்பவே பெரிய திரைக்கும் சேர்த்துச் செஞ்சா, நான் எதுக்கு இந்தக் குட்டிக்கரணம் போடறேன்?

டவுன்ல இருக்கிற பசங்களுக்கு ஒண்ணு. ஊர்ல இருக்கிற அப்பாவுக்குப் புதுப் போன் வாங்கறதுக்கு முன்னாடி, உங்க வீட்டு மூலையில கிடக்கிற லேப்டாப்பைத் தூசி தட்டிப் பாருங்க. அடுத்த தடவை ஊருக்கு வர்றப்போ பென்டிரைவையும் எடுத்துட்டு வாங்க.