சபாநாயகரும் இரண்டு வாக்குகளும்

முகமட் அரிப் முகமட் யூசோப் அவர்களை நம் மாணவர்கள் அறிந்திருக்க வேண்டும். மலாயாப் பல்கலைக்கழகத்தில் சட்டம் கற்பித்தவர் (ஆசிரியர் என்பதில் நமக்கும் சிறு பெருமை!), வழக்கறிஞர், மேல்முறையீட்டு நீதிபதி. அமைதிப் பேரணிக்குப் 10 நாள் முன்னறிவிப்புத் தராததற்காகத் தண்டிப்பது அரசியலமைப்புக்கு முரண் என 2014இல் தீர்ப்பளித்த மூவருள் ஒருவர்.

2018 ஜூலையில் மக்களவைச் சபாநாயகரானார். 2020 ஜூலை 13ஆம் நாள் 111க்கு 109 என்ற வாக்குகளில் நீக்கப்பட்டார்.

நீதிபதியை நீக்கத் தனித் தீர்ப்பாயம் கூடவேண்டும். சபாநாயகரை நீக்கவோ சாதாரணப் பெரும்பான்மை போதும். சட்டப்படி சரியே, ஆயினும் எனக்கு உடன்பாடன்று. ஆட்டக்காரர்களே நடுவரை மாற்றலாம் எனில் அவர் எப்படி அஞ்சாமல் விசில் ஊதுவார்? நம் பள்ளிப் போட்டிகளில் இதனை ஏற்போமா? பெற்றோரே, உங்கள் பிள்ளைகளிடமும் கேட்டுப் பாருங்கள்.