ஏழுக்கு நாலு

1964 அக்டோபர் 30 அன்று டெல்லியில் வைத்து, இலங்கை மலையகத் தோட்டத்துத் தமிழர்களான எங்களை இந்தியாவும் இலங்கையும் பங்கு போட்டன. மொத்தம் 9,75,000 பேர். அதில் 5,25,000 இந்தியாவுக்கு, 3,00,000 இலங்கைக்கு. ஏழு பேர் கடல் தாண்டினால் நாலு பேருக்கு இலங்கைக் குடியுரிமை என்று விகிதம் வேறு. மீதி 1,50,000 பேர்? அதைப் பிறகு பேசிக்கொள்ளலாம் என்று எழுதி வைத்துவிட்டார்கள். பத்து வருஷம் கழித்து, 1974இல், இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் அந்த மீதியையும் ஆளுக்கு 75,000 என்று சரிபாதியாக அறுத்தார்கள். அண்டா குண்டாவைப் பாகம் பிரிக்கிற வீட்டில்கூடக் கிழவியைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்பார்கள். எங்கள் தாத்தனையும் அப்பாயியையும் ஒருவரும் கேட்கவில்லை.

மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து, வழியில் செத்தவர்கள் போக மிஞ்சியவர்களின் பிள்ளைகள் நாங்கள். காப்பி நட்டோம். காப்பியை நோய் தின்றபின் தேயிலை நட்டோம். 1947இல் ஓட்டுப் போட்டு நாடாளுமன்றத்துக்கு ஆளும் அனுப்பினோம். அந்த ஓட்டுதான் எங்களுக்கு வினையானது. இன்னும் சில தொகுதிகளில் இடதுசாரிகள் ஜெயிக்கவும் எங்கள் ஓட்டு உதவியிருந்தது. ஆட்சியில் இருந்தவர்களுக்கு அது பொறுக்கவில்லை. அப்பன் இலங்கையில் பிறந்ததற்கு, இல்லையென்றால் தாத்தனும் பூட்டனும் அங்கே பிறந்ததற்குக் காகிதம் காட்டு என்றது குடியுரிமைச் சட்டம். தோட்டத்து வரிசை வீடான லயத்துக் காம்பராவில் பிறந்தவனுக்கு ஏது காகிதம்? அந்தச் சட்டம் நடைமுறைக்கு வந்தது 1948 நவம்பர் 15. ஒரு மாதம்கூட ஆகவில்லை, டிசம்பர் 10 அன்று ஐக்கிய நாடுகள் சபை மனித உரிமைப் பிரகடனத்தை வெளியிட்டது. எவருடைய குடியுரிமையையும் தான்தோன்றித்தனமாகப் பறிக்கக் கூடாது என்கிறது அதன் 15ஆவது பிரிவு. அடுத்த வருஷம் எங்கள் வாக்குரிமையும் போனது.

நேரு இருந்தவரை, அவர்கள் உங்கள் மண்ணின் மக்கள், நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும் என்றுதான் இந்தியா சொல்லிவந்தது. 1964 மே மாதம் அவர் இறந்தார். ஐந்தே மாதத்தில் அந்தப் பங்கீட்டு ஒப்பந்தம் கையெழுத்து ஆகிவிட்டது. 1962இல் சீனாவிடம் அடிபட்ட டெல்லிக்கு அண்டை வீட்டாரின் தயவு தேவைப்பட்டது. தேவை யாருக்கோ, விலை நாங்கள்.

இந்தியா சார்பில் கையெழுத்துப் போட்டவர் யார் என்பதுதான் என்னை இன்னும் குடைகிறது. லால் பகதூர் சாஸ்திரி. 1956இல் அரியலூர் பக்கம் மருதையாற்றில் ரயில் கவிழ்ந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தபோது, பாலத்தை அவர் உடைக்கவில்லை, ரயிலை அவர் ஓட்டவில்லை, ஆனாலும் பொறுப்பு என்னுடையது என்று ரயில்வே மந்திரி பதவியை விட்டு இறங்கிய மனிதர். இன்றைக்கும் தமிழ்நாட்டு மேடைகளில் அதைச் சொல்லிக் கைதட்டல் வாங்குகிறார்கள். நானும் அவரை மதிக்கிறேன். அதனால்தான் கேட்கிறேன்: ஒரு ரயிலுக்கு அப்படித் துடித்த மனசாட்சி, ஐந்தேகால் லட்சம் பேரை ரயிலேற்றும் காகிதத்தில் கையெழுத்துப் போடும்போது எங்கே போயிருந்தது? தனி மனிதருக்கு நியாயம் உண்டு, நாடுகளுக்கு நலன் மட்டும்தான் உண்டு என்கிறார்கள் விவரம் தெரிந்தவர்கள். அப்படியென்றால் நாங்கள் யாரிடம் போய் முறையிடுவது?

விருப்பத்தோடுதானே வந்தீர்கள் என்று கேட்பவர்கள் உண்டு. விண்ணப்பம் கேட்டபோது நடந்ததைச் சொல்கிறேன். இலங்கைக் குடியுரிமை கேட்டவர்கள் ஒதுக்கிய மூன்று லட்சத்தைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். இந்தியாவுக்கு எழுதிக் கொடுத்தவர்கள் ஐந்தேகால் லட்சத்தை எட்டவே இல்லை. எங்கள் விருப்பம் இதுதான். அப்புறம் 1973, 74இல் தோட்டங்களில் பஞ்சம் வந்தது. பட்டினியில் ஆட்கள் செத்தார்கள். அதன்பின் கப்பலேறியவனுக்கு விருப்பம் என்ன, வெறுப்பு என்ன?

ஒரே காம்பராவில் அக்காவுக்கு இந்தியா, தங்கச்சிக்கு இலங்கை. என் அப்பாயி இந்தப் பக்கம் வந்தாள், அவள் தங்கச்சி ஹட்டன் பக்கத்துத் தோட்டத்திலேயே நின்றுவிட்டாள். மலையிலிருந்து தலைமன்னாருக்குப் போன ரயிலுக்கு எங்கள் சனம் வைத்த பெயர் அழுகைக் கோச்சி. ஸ்டேஷனில் ஜன்னல் கம்பியைப் பிடித்த கையைப் பிரித்தெடுக்க வேண்டியிருந்ததாம். அந்த இரண்டு பேரும் அதற்கப்புறம் சாகும்வரை முகம் பார்க்கவில்லை.

இறங்கியது ராமேஸ்வரம். பிறகு மண்டபம் முகாம். அங்கிருந்து நீலகிரி, வால்பாறை, கர்நாடகத்து ரப்பர்த் தோட்டம் என்று பிரித்து அனுப்பினார்கள். எங்களுக்காகத் தமிழ்நாடு அரசு தேயிலைத் தோட்டம் போட்டது. அதை மறைக்க மாட்டேன், எத்தனையோ வீட்டில் அடுப்பெரிந்தது அதனால்தான். வியாபாரக் கடன் என்று சொல்லிச் சமவெளியில் இறக்கிவிடப்பட்டவர்கள் பாடு மோசம். கொழுந்து பறிப்பதைத் தவிர வேறு தெரியாதவன் என்ன வியாபாரம் செய்வான்? கடன் புரோக்கர் கைக்குப் போனது, ஆள் நீலகிரிக்கு நடந்தான். இலங்கையில் கள்ளத்தோணி என்றார்கள். இங்கே சிலோன்காரன் என்கிறார்கள். என் பிள்ளையையும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள், அவன் கோத்தகிரியில் பிறந்தவன்.

இதையெல்லாம் செரித்துக்கொண்டேன் என்றே வையுங்கள். செரிக்காத ஒன்று இருக்கிறது. 1982இல், ஒப்பந்தக் காலம் முடிந்துவிட்டது, இனி விண்ணப்பம் வாங்க மாட்டோம் என்றது டெல்லி. எழுதிக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தவர்கள், இந்திய பாஸ்போர்ட் கையில் வந்தும் புறப்படாதவர்கள் என்று பல பத்தாயிரம் பேர் இலங்கையில் இருந்தார்கள். அடுத்த வருஷம் அங்கே தமிழருக்கு எதிரான கலவரம். 1984இல் கப்பலும் நின்றது. உயிர் தப்பப் படகேறி வந்தவர்களில் எங்கள் மலையகத்துச் சனமும் உண்டு. ஒப்பந்தப்படி கப்பலில் வந்தவன் இந்தியன்; அதே குடும்பத்து ஆள் படகில் வந்தால் சட்டவிரோதக் குடியேறி. நாற்பது வருஷமாக முகாமில் பேரப்பிள்ளை எடுத்துவிட்டான், இன்னும் தாசில்தார் கணக்கெடுப்புக்குக் கைகட்டி நிற்கிறான். முகாமுக்கு மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றினார்கள். பலகை புதுசு, ஆள் பழைய அகதிதான்.

2019 ஜூனில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, இந்திய வம்சாவளி முகாம்வாசிகளின் குடியுரிமை மனுக்களைப் பரிசீலியுங்கள் என்று சொன்னது. அதே வருஷம் டிசம்பரில் டெல்லி கொண்டுவந்த குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் பாகிஸ்தான் இருந்தது, வங்கதேசம் இருந்தது, ஆப்கானிஸ்தான் இருந்தது. இலங்கை இல்லை. எங்களை நாடற்றவர்கள் ஆக்கிய இலங்கையேகூட 2003இல் சட்டம் போட்டு, தன் மண்ணில் மிஞ்சியிருந்தவர்களுக்குக் குடியுரிமை கொடுத்தது. வாங்கிக்கொள்கிறேன் என்று ஒப்பந்தம் போட்ட நாடு வாசலில் நிற்கவைத்திருக்கிறது.

5,25,000, அதோடு 75,000. ஆறு லட்சம் பேருக்கு இந்தியா ஒப்புக்கொண்டது. அந்தக் கணக்கு இன்னும் நேராகவில்லை. முகாமில் இருக்கும் எங்கள் ஆட்களை அந்தப் பாக்கியில் வைத்து நேர் செய்யுங்கள். கருணை மனு எழுதித் தரச் சொல்லாதீர்கள். விண்ணப்பம் எங்கள் தாத்தன் காலத்திலேயே கொடுத்தாயிற்று.