கையொப்பத்துக்கு முன் மூன்று கேள்விகள்



இந்திய விவரணப்பட இயக்குநர் தீபா தன்ராஜ், 1980இல் நண்பர்களுடன் 'யுகாந்தர்' என்ற பெண்கள் திரைப்படக் குழுவைத் தொடங்கியவர். 1982இல் நிப்பாணி புகையிலைத் தொழிலாளப் பெண்களைப் படமாக்கினார். 1991இல் வந்த 'சம்திங் லைக் எ வார்' குடும்பக் கட்டுப்பாட்டுத் திட்டம் பற்றியது. பெயரின் பொருள் 'போர் போன்ற ஒன்று'. கருத்தடைச் சத்திரசிகிச்சையின் வேகத்தை வைத்தியர் பெருமையாகச் சொல்கிறார். மறுபுறம் பெண்கள் கூடியிருந்து தம் உடலைப் பற்றித் தாமே பேசுகிறார்கள்.

போரைக் கண்ட உங்களுக்கு அந்தப் பெயர் விளங்கும். ஹட்டன் பக்கத் தோட்டங்களில் நான் சந்தித்த தாய்மார் சிலர், அது நிரந்தரமானதென்று பிறகுதான் அறிந்தார்களாம். விரும்பிச் செய்பவருக்குச் சிகிச்சை நன்மையே. ஆனால் கையொப்பமிடுமுன் கேளுங்கள்: இது நிரந்தரமா? வேறு முறை உண்டா? யோசிக்க நாள் தருவீர்களா? தமிழில் விளங்கப்படுத்தும்வரை பேனையைத் தொடாதீர்கள்.